கூரையோடு ஒட்டிய சாய்வு சீலிங்: சொட்டினால், கறை படிந்தால், கொதித்தால் எங்கே பார்ப்பது

கூரை எந்தச் சாய்வில் போகிறதோ அதே சாய்வில் உள்ளே சீலிங்கும் போகும் வீடுகள் பார்க்க உயரமாக, விசாலமாக இருக்கும். கோளாறு வந்தால்தான் ஒரு விஷயம் உறைக்கும்: தலையை நுழைத்துப் பார்க்க மேலே இடமே கிடையாது. பரண் இருக்கும் வீட்டில் ஏணி போட்டு ஏறி, டார்ச் அடித்து, ஈரம் எங்கே என்று பார்த்துவிடலாம். இங்கே எல்லாமே கைமரத்தின் (கூரையைத் தாங்கும் சாய்வு மரச்சட்டம்) உயரத்துக்குள், அதாவது 15 முதல் 30 செ.மீ.க்குள் அடங்கியாக வேண்டும். மேலே ஓடோ தகரமோ ஷிங்கிளோ, அதற்குக் கீழே பலகை, பிறகு (இருந்தால்) காற்று ஓட ஓர் இடைவெளி, பிறகு இன்சுலேஷன் (வெப்பம் கடக்காமல் தடுக்கும் அடுக்கு), கடைசியாக உங்கள் கண்ணுக்குத் தெரியும் ஜிப்சம் போர்டு அல்லது மரப்பலகை.

இதில் முக்கியமாகப் புரிந்துகொள்ள வேண்டியது, இரண்டு கைமரங்களுக்கு நடுவில் இருக்கும் ஒவ்வொரு சந்தும் தனித்தனி. பக்கத்துச் சந்தில் காற்று ஜோராக ஓடினாலும் இந்தச் சந்துக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. அதனால்தான் ஒரே கூரையில் ஓர் இடம் காய்ந்தும் அடுத்த இடம் அழுகியும் கிடக்கிறது.

எதையும் கழற்றுவதற்கு முன்னால் ஒரு வேலை. எப்போது சொட்டுகிறது என்று இரண்டு மூன்று வாரம் எழுதி வையுங்கள்: மழையா, காற்றோடு மழையா, மழையே இல்லாத குளிர் இரவா, ஏசி ஓடிய மதியமா. பாதி நோய் இந்தக் குறிப்பிலேயே பிடிபட்டுவிடும். மழை பெய்த சில மணி நேரத்தில் சொட்டினால் அது கூரை ஒழுகல், கூரை வேலை தெரிந்த ஆளைக் கூப்பிடுங்கள். ஆனால் சொட்டுகிற இடத்துக்கு நேர் மேலேதான் ஓட்டை இருக்கும் என்று நம்பாதீர்கள். தண்ணீர் பலகையின் அடிப்பக்கமாகவே சரிந்து வந்து, ஏதாவது ஓர் ஆணியிலோ மூட்டிலோ தடுக்கித்தான் கீழே விழும். கறையிலிருந்து முகட்டை, அதாவது கூரையின் உச்சிக் கோட்டை நோக்கி மேலே போய்த் தேடுங்கள். புகைபோக்கி, கூரை ஜன்னல், குழாய் வெளியே வரும் இடம், இந்த மூன்றும்தான் முதல் சந்தேகம்.

மழையே இல்லை, ஆனால் விடிந்ததும் சொட்டுகிறது

குளிர்ப் பிரதேச வீடுகளில் அடிக்கடி வரும் புகார் இது. கூரையைத் திரும்பத் திரும்பப் பூசி, ஒட்டி, மாற்றி, காசையெல்லாம் கரைத்த பிறகும் நிற்காத சொட்டு பெரும்பாலும் இந்த வகைதான். தண்ணீர் வெளியிலிருந்து வரவில்லை, உங்கள் வீட்டுக்குள்ளிருந்துதான் மேலே போகிறது.

கணக்கு எளிது. அறை 22 டிகிரி, ஈரப்பதம் 50 சதவீதம் என்றால் அந்தக் காற்றில் உள்ள ஈரம் 11 டிகிரிக்குக் கீழே உள்ள எதைத் தொட்டாலும் தண்ணீராக மாறும். மேகமில்லாத இரவில் கூரை தன் வெப்பத்தை வானத்துக்கு விட்டுவிடுவதால் வெளிக்காற்றைவிடவும் சில டிகிரி கூடுதலாகக் குளிர்ந்து கிடக்கும். சீலிங்கில் உள்ள ஓட்டைகள் வழியாக வீட்டுக் காற்று மேலே ஏறி குளிர்ந்த கூரைப் பலகையைத் தொட்டால், சோடா பாட்டில் வெளிப்புறம் வியர்க்குமே, அதேதான் நடக்கும். வெளியே உறைநிலைக்குக் கீழே போனால் இன்னும் மோசம்: பல நாள் பனியாகப் படிந்து, ஒரு நாள் நல்ல வெயில் அடித்ததும் மொத்தமும் உருகி ஒரேயடியாகக் கொட்டும். "வெயில் அடிச்சா ஒழுகுது" என்று சொல்பவர்கள் பொய் சொல்லவில்லை.

ஒரு முறை சீலிங்கில் பதித்த ஒரு விளக்கைக் கழற்றி, அந்த ஓட்டை வழியாக ஃபோனை மேலே நீட்டிப் படம் எடுத்துப் பார்த்தேன். பலகையைத் துளைத்துக்கொண்டு நின்ற ஒவ்வொரு ஆணி முனையும் துருப்பிடித்து, அதைச் சுற்றி மரத்தில் ஒரு ரூபாய் நாணயம் அளவுக்குக் கறுப்பு வளையம். மழை ஒழுகல் என்றால் ஒரு தாரையாகக் கறை இருக்கும். இப்படி எல்லா ஆணியிலும் ஒரே மாதிரி வளையம் இருந்தால் அது உள்ளிருந்து போன ஈரம், வேறு விளக்கம் தேட வேண்டாம். இன்சுலேஷன் கிளாஸ் வுல்லாக (கண்ணாடி இழைப் பஞ்சு) இருந்தால் அதில் ஒரு துண்டை உருவிப் பாருங்கள். ஒரு பக்கம் கறுத்திருந்தால் பலர் பூஞ்சணம் என்று பயப்படுவார்கள், பெரும்பாலும் அது வெறும் தூசு. கிளாஸ் வுல் காற்றை நிறுத்தாது, வடிகட்டி மட்டும் அனுப்பும்; அந்தக் கறுப்புதான் காற்று போன தடம்.

ஓட்டையைக் கண்டுபிடிக்கப் பெரிய கருவி தேவையில்லை. குளிராக, காற்றடிக்காத ஒரு நாளில் ஜன்னல்களை மூடி, சமையலறை, குளியலறை வெளியேற்று விசிறிகள் எல்லாவற்றையும் ஓட விட்டு, எரியும் ஊதுபத்தியை விளக்குகள், பலகை மூட்டுகள், முகட்டு உத்திரம் போர்டைச் சந்திக்கும் கோடு, சுவரின் மேல் விளிம்பு, கூரை ஜன்னலின் ஓரம் என்று மெதுவாகக் கொண்டு போங்கள். புகை எங்கே சட்டென்று கலைந்து கீழே தள்ளப்படுகிறதோ அங்கே ஓட்டை. அடுப்போ ஹீட்டரோ புகைபோக்கி வழியாக எரியும் வீடாக இருந்தால் அதை முதலில் அணைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் அதன் புகையும் வீட்டுக்குள்ளேயே இழுக்கப்படும்.

பெரும்பாலான வீடுகளில் முதல் குற்றவாளி பதித்த விளக்குகள். ஒவ்வொன்றும் ஒரு புகைபோக்கி என்றே வைத்துக்கொள்ளுங்கள், அதுவும் விளக்குச் சூடு காற்றை இன்னும் மேலே உந்தும். அவற்றை எடுத்துவிட்டு, ஓட்டையை அடைத்து, மேற்பரப்பில் பொருத்தும் விளக்கு போடுவதுதான் என் முதல் யோசனை. பதித்ததுதான் வேண்டும் என்றால் காற்றுப் புகாத, இன்சுலேஷன் தொட்டாலும் ஆபத்தில்லாத வகை என்று பெட்டியில் போட்டிருப்பதைப் பார்த்து வாங்குங்கள். அப்படிப் போடாத பழைய விளக்கின் மேல் இன்சுலேஷனைத் திணிக்கவே கூடாது, தீப்பிடிக்கும்.

இரண்டாவது குற்றவாளி அந்த அழகான மரப்பலகை சீலிங். பலகைகள் ஒன்றுக்குள் ஒன்று கோத்திருப்பதால் இடைவெளி இல்லை என்று நினைப்போம். காற்றைப் பொறுத்தவரை அது ஒரு சல்லடை. பின்னால் ஜிப்சம் போர்டோ மூட்டு ஒட்டிய காற்றுத்தடைத் தாளோ இல்லாமல் பலகையை நேரடியாகக் கைமரத்தில் அடித்திருந்தால் சீலன்ட் பூசிச் சமாளிக்க முடியாது. கழற்றித்தான் ஆக வேண்டும்.

குளியலறை விசிறியின் குழாய் எங்கே முடிகிறது என்றும் பார்த்துவிடுங்கள். கூரைக்கு வெளியே வரை போகாமல் சந்துக்குள்ளேயே விட்டுவிட்டுப் போன வேலைகள் நிறைய. அப்புறம் ஓட்டைகளை அடைக்கும் வரைக்கும் உள் ஈரப்பதத்தை 40 சதவீதத்துக்குக் கீழே வைத்தால் சொட்டு கணிசமாகக் குறையும், துணியை உள்ளே காயப்போடாமல் இருப்பதே பாதி வேலை.

ஒன்றை மட்டும் அவசரப்பட்டுச் செய்யாதீர்கள்: "காற்றோட்டம் பத்தலை" என்று முகட்டில் புதிதாக ஒரு திறப்பு வெட்டுவது. கீழே இறவாணத்தில் (சுவரைத் தாண்டி நீளும் கூரையின் கீழ் விளிம்பு) காற்று நுழைய வழி இல்லாமல் மேலே மட்டும் திறந்தால், மேலே போகும் காற்று எங்கிருந்து வரும்? சீலிங் ஓட்டை வழியாக, உங்கள் அறையிலிருந்துதான். இருந்ததைவிட அதிகமாகச் சொட்டும். முதலில் உள் ஓட்டையை அடைப்பது, பிறகு காற்று வழி, பிறகுதான் இன்சுலேஷன். வரிசையை மாற்றினால் செய்த வேலையைத் திரும்பச் செய்ய வேண்டியிருக்கும்.

தகரக் கூரையில் பலகையே இல்லாமல் நேராக ரீப்பரில் (குறுக்கு மரச்சட்டம்) தகடு அடித்திருந்தால், வீட்டு ஈரம் போகாவிட்டாலும் வெளிக்காற்றின் ஈரமே தகட்டின் அடியில் படிந்து சொட்டும். அதற்குத் தகட்டுக்குக் கீழே ஒரு மெம்பிரேன் (நீர் புகாத தாள்) விரித்து, அதில் விழும் தண்ணீர் இறவாணம் வரை வழிந்து வெளியே போகும்படி விட வேண்டும்.

முகட்டை ஒட்டி மட்டும் கறை, மற்ற இடமெல்லாம் சுத்தம்

சூடான காற்று மேலே ஏறும் என்பது தெரிந்ததே. நீராவி கலந்த காற்று உலர்ந்த காற்றைவிட லேசானது என்பது பலருக்குத் தெரியாது. இரண்டும் சேர்ந்து வீட்டின் ஈரத்தையெல்லாம் கொண்டுபோய் முகட்டில் குவிக்கும். அதனால் கூரையில் அழுகல் தொடங்கும் முதல் இடமும் பெரும்பாலும் அதுவே.

இங்கே மூன்று விஷயம் பாருங்கள். முகட்டு உத்திரத்தின் இரு பக்கமும் போர்டு சேரும் கோடு அடைபட்டிருக்கிறதா; மரம் காய்ந்து சுருங்கும்போது அங்கே விரல் நுழையும் அளவுக்குக்கூடப் பிளவு விடும். அடுத்து, முகட்டுத் திறப்பு உண்மையில் திறப்புதானா. சிரிக்காதீர்கள், மேலே காற்று மூடியை அழகாகப் பொருத்திவிட்டு, கீழே பலகையில் வெட்ட வேண்டிய பிளவை வெட்டாமலே போன கூரைகள் உண்டு. வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் சரியாகத்தான் தெரியும். மூன்றாவது, கறை காற்றோடு மழை அடித்த நாட்களில் மட்டும் வளர்கிறதென்றால் மூடி வழியாகத் தண்ணீர் தெறிக்கிறது, பக்கவாட்டில் தடுப்பு உள்ள மூடியாக மாற்றுங்கள். சாய்வு சுமார் 14 டிகிரிக்குக் குறைவான கூரையில் முகட்டு மூடியை நம்பவே வேண்டாம், காற்றும் ஏறாது, தண்ணீரும் நுழையும்.

சீலிங்கில் சம இடைவெளியில் சாம்பல் கோடுகள்

துடைத்தால் போய்விடும், சில மாதத்தில் அதே இடத்தில் திரும்ப வரும். கைமரம் இருக்கும் இடங்கள்தான் அவை. மரம் கிளாஸ் வுல்லைவிட மூன்று நான்கு மடங்கு வேகமாக வெப்பத்தைக் கடத்தும், அதனால் அந்தக் கோட்டில் போர்டு குளிர்ந்து, லேசாக ஈரம் பிடித்து, தூசு ஒட்டுகிறது. 20 செ.மீ. இன்சுலேஷன் போட்ட கூரையில் பரப்பில் பத்தில் ஒரு பங்குதான் மரம், ஆனால் தப்பிக்கும் வெப்பத்தில் கால் பங்குக்குக் குறையாமல் அதன் வழியாகவே போகிறது. கைமரத்துக்குக் குறுக்கே 3 முதல் 5 செ.மீ. ஃபோம் பலகை அடித்து, மூட்டுகளை டேப் ஒட்டி, அதன் மேல் புது ஜிப்சம் போர்டு போட்டால் கோடும் போகும், காற்றுத் தடையும் சேர்ந்தே கிடைக்கும். சீலிங் ஒரு சாண் இறங்கிவிடாது, கவலை வேண்டாம்.

பெயின்ட் அடித்து மறைப்பது தீர்வல்ல.

வெயில் காலத்தில் உள்ளே அடுப்பு மாதிரி இருக்கிறது

மதியத்தைவிட மாலையில்தான் அதிகம் கொதிக்கிறதா? அப்படியானால் நாள் முழுக்கச் சூடான கூரை இப்போது உங்கள் மேல் வீசிக்கொண்டிருக்கிறது. கருநிறக் கூரை நல்ல வெயிலில் 70 டிகிரியைத் தொடும். உள்ளங்கையை சீலிங்குக்கு அருகில் கொண்டுபோனாலே அனல் தெரியும்.

இதற்கு எல்லோரும் முதலில் சொல்வது காற்றோட்டம். என் கருத்து வேறு. சந்துக்குள் ஓடும் காற்று கொஞ்சம் சூட்டைக் கொண்டுபோகும், மறுக்கவில்லை, ஆனால் கூரையின் நிறமும் இன்சுலேஷனின் தடிமனும் செய்யும் அளவுக்கு அது செய்யாது. வெயிலைத் திருப்பி அனுப்பும் வெளிர் பூச்சு, சூடு கூரைக்குள் வருவதற்கு முன்பே தடுக்கிறது. மற்ற எல்லா வழிகளும் வந்துவிட்ட சூட்டோடு மல்லுக்கட்டுபவைதான்.

இன்சுலேஷன் இருக்கிறதே, பிறகும் ஏன் என்று கேட்பவர்கள் அது எந்த நிலையில் இருக்கிறது என்று பார்க்க வேண்டும். 20 செ.மீ. கிளாஸ் வுல்லை 12 செ.மீ. சந்தில் அமுக்கித் திணித்தால் 12 செ.மீ.க்கான பலன்தான், பெட்டியில் எழுதிய மதிப்பு கிடைக்காது. சாய்வில் போட்டது வழுக்கிக் கீழே இறங்கி, முகட்டுப் பக்கம் வெறுமையாகவும் இருக்கும். வெப்பக் கேமரா வாடகைக்குக் கிடைத்தால் உள்ளுக்கும் வெளிக்கும் குறைந்தது 10 டிகிரி வித்தியாசம் இருக்கும் நேரத்தில் பிடியுங்கள், எந்தச் சந்து காலி என்று படமாகவே தெரியும். இடம் குறைவு என்றால் அதே தடிமனில் கூடுதல் பலன் தரும் பாலியைசோ (ஒரு வகை விறைப்பான ஃபோம்) பலகை பார்க்கலாம், கிளாஸ் வுல்லைவிட ஒன்றரை மடங்குக்கு மேல் தரும்.

வெள்ளித் தாள் ஒட்டியும் சூடு குறையவில்லை என்ற புகாருக்கு ஒரே பதில்: அதற்கு முன்னால் காற்று இடைவெளி இருக்கிறதா? பளபளப்பான பக்கம் குறைந்தது 2 செ.மீ. காற்று இடைவெளியைப் பார்த்திருக்க வேண்டும். பலகைக்கும் இன்சுலேஷனுக்கும் நடுவில் இறுக்கி வைத்தால் அது வெறும் தகடு, சூட்டை அப்படியே கடத்திவிடும்.

மின்விசிறி வைத்துச் சந்துக் காற்றை உறிஞ்சும் யோசனையை விட்டுவிடுங்கள். சீலிங் ஓட்டைகள் வழியாக உங்கள் ஏசிக் காற்றைத்தான் அது உறிஞ்சும்.

ஏசி ஓடும்போது சீலிங் வியர்க்கிறது

குளிர்நாட்டுச் சொட்டின் நேர் எதிர்த் திசை இது, அதனால் அங்கே சொன்ன மருந்தை இங்கே கொடுத்தால் நோய் முற்றும். வெளியே 30 டிகிரி, ஈரப்பதம் 75 சதவீதம் என்றால் அந்தக் காற்றில் உள்ள ஈரம் 25 டிகிரியிலேயே தண்ணீராகும். ஏசி அறையின் போர்டு 22, 23 டிகிரியில் இருக்கும். இறவாணத் திறப்பு வழியாக நுழைந்த வெளிக்காற்று இன்சுலேஷனில் உள்ள இடைவெளி வழியாகப் போர்டின் முதுகைத் தொட்டால் அங்கேயே நனையும், பிறகு பெயின்ட் கொப்புளிக்கும்.

குளிர்நாட்டு வழக்கத்தைப் பார்த்து யாராவது போர்டுக்குப் பின்னால் பாலிதீன் தாள் விரித்திருந்தால் அதுதான் முதலில் போக வேண்டியது. வெளியிலிருந்து வந்த ஈரம் உள்ளே காய முடியாமல் அந்தத் தாளின் முதுகில் தேங்குகிறது. ஈரமான வெப்பப் பிரதேசத்தில் உள்பக்கம் மூச்சு விடட்டும், தடை வெளிப்பக்கம் இருக்கட்டும். ஏசி குழாய் சந்துக்குள் ஓடினால் அதன் உறை எங்காவது கிழிந்திருக்கிறதா என்றும் பாருங்கள், சொட்டு ஒரே கோட்டில் இருந்தால் அதுதான் காரணம்.

இறவாணத்தில் பனிக்கட்டி தொங்குகிறது, சுவரோரம் நனைகிறது

பனி விழும் இடங்களுக்கு மட்டும். வீட்டுச் சூடு கூரைக்குக் கசிந்து மேலே உள்ள பனியை உருக்க, தண்ணீர் வழிந்து, கீழே சூடில்லாத இறவாணத்தில் மீண்டும் உறைந்து ஓர் அணை கட்டிவிடும். பின்னால் தேங்கும் தண்ணீர் ஷிங்கிளுக்கு அடியில் பின்னோக்கி ஏறும். கோடரியால் கொத்தாதீர்கள், கூரை போய்விடும். அவசரத்துக்குக் கூரைப் பனியைக் கீழே நின்றபடியே நீளக் கைப்பிடி வாரியால் இழுத்துவிடலாம். நிரந்தரத் தீர்வு முதல் பகுதியில் சொன்னதுதான்: ஓட்டை அடைப்பது, சுவரும் கூரையும் சேரும் மூலையில் இன்சுலேஷனைக் கூட்டுவது, பலகைக்கு அடியில் 5 செ.மீ. காற்று வழி விடுவது.

திறப்பு இருக்கிறது, காற்று போகவில்லை

பரவலாகப் புழங்கும் கணக்கு இது: சீலிங் பரப்பில் 300-ல் ஒரு பங்கு திறப்பு, அதைப் பாதி கீழே, பாதி மேலே பிரிக்க வேண்டும். 60 சதுர மீட்டருக்கு 2,000 சதுர செ.மீ. வரும், கீழே 1,000. இரு பக்கமும் சேர்த்து 20 மீட்டர் இறவாணம் என்றால் அரை செ.மீ. அகலப் பிளவே போதும். பூச்சி வலை ஒரு பகுதியை அடைத்துக்கொள்ளும் என்பதால் ஒரு செ.மீ.யாக விடுங்கள். அதாவது திறப்பின் அளவு பெரும்பாலும் பிரச்சினையே இல்லை. வழி அடைபட்டிருப்பதுதான் பிரச்சினை. வலையின் மேல் பெயின்ட் பூசியிருக்கும், குளவி கூடு கட்டியிருக்கும், அல்லது இன்சுலேஷன் உப்பிப் பலகையைத் தொட்டுக்கொண்டிருக்கும். கடைசியதைத் தடுக்க, இன்சுலேஷனுக்கு மேலே விறைப்பான தடுப்புத் தகடு வைத்து குறைந்தது 2.5 செ.மீ., முடிந்தால் 5 செ.மீ. வழியைக் காப்பாற்ற வேண்டும், அதுவும் இறவாணத்திலிருந்து முகடு வரை விடாமல்.

இன்னொரு வகை தீராத தலைவலி. கூரை ஜன்னலுக்குக் கீழே உள்ள சந்து மேலே போக வழியில்லாமல் முட்டி நிற்கும். இரண்டு சரிவுகள் சேரும் பள்ளத்தில் எல்லாச் சந்துகளும் கீழே தொடங்க இடமில்லாமல் பிறக்கும். கைமரத்தில் ஓட்டை போட்டுப் பக்கத்துச் சந்தோடு இணைக்கலாம் என்பார்கள்; அது மரத்தைப் பலவீனமாக்கும், காற்றும் சரியாக வளைந்து போகாது. அந்தப் பகுதியில் காற்று வழி என்ற எண்ணத்தையே கைவிட்டு, அடைத்த கூரையாக மாற்றுவது மேல்.

அடைத்த கூரையாக மாற்றிய பிறகும் ஈரம்

காற்று வழி இல்லாத கூரை தவறல்ல. பாதிக் காற்று வழியும் பாதி அடைப்புமாக இருப்பதுதான் தவறு. அடைத்த கூரையில் விதி ஒன்று: பலகையைத் தொடும் இன்சுலேஷன் காற்றை விடாததாக இருக்க வேண்டும். சந்து முழுக்க கிளாஸ் வுல்லைத் திணித்து மூடினால் அது அடைத்த கூரை ஆகாது, பொறி. பலகைக்கு மேலே ஃபோம் பலகை போட்டு, கீழே கிளாஸ் வுல் வைக்கும் முறையில் மேலே உள்ளதன் பங்கு போதாவிட்டால் பலகை குளிர்ந்து நனையும். மிதமான குளிருக்கு மொத்த வெப்பத்தடை மதிப்பில் 30 சதவீதம், நல்ல குளிருக்கு 40 முதல் 50, கடுங்குளிருக்கு 60 என்று ஏறும்.

ஸ்பிரே ஃபோமில் இரண்டு கோளாறு பார்க்கலாம். ஒன்று, கைமரத்தின் ஓரமாகச் சுருங்கி மயிரிழைப் பிளவு விடுவது. டார்ச்சைச் சாய்த்துப் பிடித்தால் தெரியும், அடைக்கலாம். இரண்டாவது, வாரக்கணக்கில் போகாத மீன் நாற்றம் போன்ற வாசனை. கலவை விகிதம் தவறியிருக்கிறது அல்லது ஒரே தடவையில் மிகத் தடிமனாக அடித்திருக்கிறார்கள் (அடர்த்தியான வகையை வழக்கமாக ஒரு தடவைக்கு 5 செ.மீ. போலத்தான் அடிப்பார்கள்). ஜன்னலைத் திறந்து வைத்துக் காத்திருப்பதில் பயனில்லை, அந்தப் பகுதியை வெட்டி எடுத்து மறுபடி அடிக்கச் சொல்லுங்கள். ஃபோமைத் திறந்தபடியும் விடக் கூடாது, தீக்கு எதிராக ஜிப்சம் போர்டு மேலே வர வேண்டும்.

எவ்வளவு கழற்றுவது

ஒரு ஸ்க்ரூடிரைவரைக் கூரைப் பலகையில் அழுத்துங்கள். முனை பஞ்சில் போவது போல இறங்கினால் அந்தப் பலகையை மாற்ற வேண்டும், எப்படியும் கூரை பிரிக்கப்போகிறது, மேலிருந்தே இன்சுலேஷன் வேலையை முடித்துவிடுங்கள், சீலிங்கைத் தொடத் தேவையில்லை. கெட்டியாக, கறுத்து மட்டும் இருந்தால் உள்ளிருந்தே வேலை செய்யலாம். பழைய கூரையில் சிமென்ட் ஷீட்டோ, மினுமினுக்கும் சிறு துகள் இன்சுலேஷனோ கிடைத்தால் கையை எடுத்துவிடுங்கள், ஆஸ்பெஸ்டாஸ் இருக்க வாய்ப்புண்டு, சோதித்த பிறகுதான் தொட வேண்டும்.

திறந்த பிறகு அவசரமாக மூடாதீர்கள். ஈரப்பதமானியை மரத்தில் குத்திப் பாருங்கள். 20 சதவீதத்துக்கு மேல் காட்டினால் பூஞ்சணத்துக்கு விருந்து. 15, 16-க்கு இறங்கும் வரை விசிறி ஓடட்டும், இரண்டு மூன்று வாரம் ஆனாலும் ஆகட்டும், அதுவரை அறை அசிங்கமாகத்தான் கிடக்கும்.